குருவி சுட்ட சலீம் அலி

எங்க இடைசெவல்ல விடியுமுன்னே கரிச்சான் குருவி கத்த ஆரம்பிச்சிரும். கம்மாய்ப் பக்கம் கௌதாரி கத்தும். போன வருசம் உண்டிவில்லால் ஒரு கரிச்சானை அடித்துவிட்டேன். பருத்திப் புழுவைத் தின்னுற குருவியாம். ஆச்சி ரெண்டு நாள் எங்கிட்டப் பேசலை. அப்புறந்தான் சலீம் அலியைப் பற்றிப் படித்தேன்.

அவர் 1896இல் மும்பையில் பிறந்தார். தாய் தகப்பன் இல்லாமல் மாமா வீட்டில் வளர்ந்தார். பத்து வயசு வாக்கில் ஏர்கன்னால் ஒரு குருவியைச் சுட்டார். அதன் தொண்டையில் மஞ்சள் திட்டு! மாமாவுக்கே அது என்ன குருவின்னு தெரியலை. மும்பை இயற்கை வரலாற்றுக் கழகத்துக்கு அனுப்பினார். அங்கே மில்லார்டு என்பவர் அதன் பெயரைச் சொல்லி, பாடம் செய்து வைத்திருந்த பறவைகளையும் காட்டினார். அன்றைக்குப் பிடித்த பைத்தியம் கடைசிவரை விடவில்லை. (ஆராய்ச்சிக்காகப் பிறகும் பறவைகளைச் சுட்டிருக்கிறார். அதை மறைக்கக் கூடாது.)

வேலை இல்லாமல் 1930இல் கிகிம் கிராமத்தில் இருந்தபோது தூக்கணாங்குருவிகளைக் கவனித்தார். ஆண்குருவி பாதிக் கூடுதான் கட்டுமாம். பெட்டை வந்து பார்த்துப் பிடித்தால்தான் மீதி! பிறகு அடுத்த கூட்டை ஆரம்பிச்சிரும். 1976இல் பத்ம விபூஷண் பெற்றார். 1987இல் காலமானார்.

எங்க கிணத்துமேட்டுப் பனையில இப்ப ஏழு கூடு தொங்குது. மூணு பாதியில நிக்குது. காலையில போய்ப் பார்த்துட்டுத்தான் பள்ளிக்கூடம் வாரேன்.