மணி ஐயர் எழுதிய கடிதம்

நம் சங்கத்தின் இளைய அங்கத்தினர்களில் பலர் சர் எஸ். சுப்பிரமணிய ஐயரின் பெயரைக் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். அந்நாளில் அவரை மணி ஐயர் என்றே எல்லோரும் அழைத்தார்கள்.

1842-ஆம் வருடம் அக்டோபர் 1-ஆம் தேதி மதுரையில் பிறந்தார். சிறு குழந்தையாக இருக்கும்போதே தகப்பனாரை இழந்தார். 1868-ல் பி.எல். தேறி, மதுரையிலேயே வக்கீல் தொழில் நடத்தி நல்ல பெயர் எடுத்தார். 1885-ல் பம்பாயில் கூடிய முதல் காங்கிரஸ் மகாசபைக்குச் சென்ற சென்னை மாகாணத்தவரில் அவரும் ஒருவர். 1888-ல் சென்னையில் அரசாங்க வக்கீலானார். 1895-ல் சர் டி. முத்துசாமி ஐயர் காலமானதும் ஹைகோர்ட் நீதிபதியானார். மூன்று முறை தற்காலிகத் தலைமை நீதிபதியாக இருந்தார். நிரந்தரமாக அந்த நாற்காலியில் ஓர் இந்தியர் அமர 1948 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 1907-ல் ஓய்வு பெற்றார்.

சாதாரணமாக ஒரு பெரிய உத்தியோகஸ்தரின் கதை இங்கே முடிந்துவிடும். பிறகு பென்ஷன், கோவில், பேரக்குழந்தைகள். மணி ஐயரின் கதை அப்படி முடியவில்லை.

1917 ஜூன் மாதம், சுயாட்சி கேட்ட அன்னி பெசன்ட் அம்மையாரைச் சென்னை கவர்னர் காவலில் வைத்தார். ஹோம் ரூல் லீகின் கௌரவத் தலைவரான மணி ஐயர், ஜூன் 24 அன்று அமெரிக்க ஜனாதிபதி வில்சனுக்கு நேராகக் கடிதம் எழுதினார். ஜனநாயகத்துக்காக யுத்தம் என்கிறீர்களே, எங்கள் நிலையைப் பாருங்கள் என்பது அதன் சாரம். சுயாட்சி வாக்குறுதி தந்தால் லட்சக்கணக்கான இந்தியர்கள் போர்முனைக்கு வருவார்கள் என்றும் எழுதினார். தணிக்கையில் சிக்காமல் ஹாட்ச்னர் தம்பதி அதை அமெரிக்காவுக்குக் கொண்டு போனார்கள்.

விஷயம் வெளிவந்ததும் ஆங்கில அரசு கொதித்தது. 1918-ல் பார்லிமெண்டிலேயே இந்தியா மந்திரி மாண்டேகு அவரைக் கடுமையாகக் கண்டித்தார். மணி ஐயர் மன்னிப்புக் கேட்கவில்லை. கே.சி.ஐ.இ., திவான் பகதூர் ஆகிய இரண்டு பட்டங்களையும் துறந்துவிட்டார். ரவீந்திரநாத் தாகூர் சர் பட்டத்தைத் துறந்தது அதற்கு அடுத்த வருடம்தான்.

நான் விஞ்ஞானம் படித்து சர்க்கார் உத்தியோகம் பார்த்தவன், சட்டம் அறியேன். ஆனால் சர்க்கார் பணத்தில் வாழ்பவனின் பயம் எனக்குத் தெரியும். சாங்கி ஏரிக்கரையில் காலை நடை போகும் எங்களைப் போன்ற பென்ஷன்தாரர்கள் அகவிலைப்படிக்குத்தான் மனு எழுதுகிறோம். அவர் அக்கடிதத்தில் கையெழுத்திட்டபோது அவருக்கு நடந்தது எழுபத்தைந்தாவது வயது.

1924 டிசம்பர் 5-ஆம் தேதி அவர் காலமானார். சென்னை செனட் ஹவுஸ் பக்கம் செல்லும் அன்பர்கள், அங்குள்ள அவர் சிலையைக் குழந்தைகளுக்குக் காட்டுங்கள். அவர் வகித்த பதவிகளோடு, துறந்த பட்டங்களையும் சொல்லுங்கள்.