பாட்டியார் அளித்த பாவைமேடை

செருமானிய நாட்டின் கவிவேந்தராகிய கதே என்பார் பெயரைக் கேளாத மாணவர் நம்முள் மிகச் சிலரே. பௌஸ்டு என்னும் நாடகத்தையும் வெர்த்தர் என்னும் நாவலையும் இயற்றியவர் என்ற அளவிலேனும் அவரை நாம் அறிவோம். அமைச்சராயும், அரங்கத் தலைவராயும், இயற்கைநூல் ஆராய்ச்சியாளராயும் விளங்கிய அப் பெருமானின் நெடிய வாழ்வு முழுவதையும் இச் சிறு கட்டுரையில் அடக்கப் புகுவது கடல்நீரைக் கைகொண்டு முகப்பதாய் முடியும். ஆதலின், நான்கு வயதுக் குழந்தையாய் இருந்தபோது அவர் தம் பாட்டியாரிடம் பெற்ற ஒரு பொருளை மட்டும் பற்றிக்கொண்டு, அதன் வழியே அவர் வரலாற்றைத் தொடரக் கருதினோம். அப் பொருள், பாவைகளைக் கம்பியிற் கட்டி ஆட்டுதற்குரிய ஒரு சிறு கூத்துமேடை.

மயின் ஆற்றங்கரையிலுள்ள பிராங்க்பர்ட் நகரில் 1749-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 28-ஆம் நாள் கதே பிறந்தார். தந்தையார் யோகான் காஸ்பர், சட்டம் பயின்று, பேரரசரின் ஆலோசகர் என்னும் பட்டமும் பெற்று, தொழில் ஏதுமின்றி முன்னோர் ஈட்டிய பொருளைக் கொண்டு வாழ்ந்தவர். அப் பொருளை ஈட்டியோர் தையற்றொழிலராய் அந்நகர்க்கு வந்த பாட்டனாரும், வைடன்ஹோப் என்னும் விடுதிக்கு உரிமை பூண்டிருந்த பாட்டியார் கொர்னேலியாவும் ஆவர். கணவர் 1730-இல் இறந்தபின், 1733-இல் அடுத்தடுத்திருந்த இரண்டு பழைய வீடுகளை விலைக்கு வாங்கியவர் அவ்வம்மையாரே. அவ்வீட்டிலேதான் கதே பிறந்தார். தாய்வழிப் பாட்டனார் நகரின் தலைமை நடுவர். தந்தைவழிப் பாட்டனாரோ விடுதிக்காரர். இவ் வேற்றுமையைச் சொல்லிச் சொல்லி உடன் விளையாடும் பையன்கள் தம்மை எள்ளியதையும் முதுமையில் கதே மறவாமல் எழுதிவைத்திருக்கிறார். மேன்மக்களின் பிள்ளைகள் எள்ளிய அந்தப் பக்கத்திலிருந்தே பாவைமேடை வந்தது என்பது கருதத்தக்கது.

பாட்டியாரைப் பற்றி அவர் நினைவிற் பதிந்தவை மிகச் சிலவே. மெலிந்த உடல், வெள்ளை ஆடை, கனிந்த நோக்கு, வீட்டின் பின்புறத்தே ஓர் அறை. அவ்வறையில் அவர்தம் நாற்காலியைச் சுற்றி, அவர் நோயுற்றிருந்த காலத்துக் கட்டிலைச் சுற்றியும், குழந்தைகள் விளையாடுவர். பெட்டினா என்னும் அம்மையார், கதேயின் அன்னையாரிடம் கேட்டதாகப் பிற்காலத்தில் எழுதிய செய்தி ஒன்றும் உண்டு. அன்னையார் மாலைதோறும் கதை கூறி, முடிவை மறுநாளைக்கு நிறுத்திவிடுவாராம். கதை எங்ஙனம் முடிதல் வேண்டும் என்று தான் எண்ணியதைச் சிறுவன் பாட்டியாரிடம் மட்டும் கமுக்கமாய்ச் சொல்வான். அவர் அதை மருமகளிடம் மெல்லக் கூறிவிடுவார். மறுநாள் கதை அவ்வாறே முடியும். தன் எண்ணமே மெய்யாயிற்றென்று சிறுவன் முகம் மலரும். பெட்டினா அம்மையார் கற்பனை கலந்து எழுதுபவர் என்பர். ஆயினும், இச் செய்தி அப் பாட்டியாரின் இயல்புக்குச் சிறிதும் மாறுபடவில்லை.

1753-ஆம் ஆண்டுக் கிறிஸ்து பிறப்புத் திருநாள் மாலையில் அப் பெருமாட்டி பேரப்பிள்ளைகளுக்குப் பாவைக்கூத்து ஒன்றை ஆடிக் காட்டச் செய்தார். குழந்தைகள் முதலிற் பார்வையாளராய் மட்டும் அமர்ந்திருந்தனர். பின்னர் மேடையும் பாவைகளும் அவர்கள் கையிலேயே ஒப்புவிக்கப்பட்டன. அடுத்த ஆண்டு மார்ச்சுத் திங்களில் பாட்டியார் உயிர் நீத்தார். அவர் அளித்த கடைசிப் பரிசு அதுவேயாயிற்று. அன்னையார் உயிரோடிருந்தவரை வீட்டின் ஒரு கல்லையும் அசைக்காதிருந்த தந்தையார், 1755-இல் அதனைப் பிரித்துப் புதுக்கிக் கட்டத் தொடங்கினார். இருண்ட மூலைகளும் கோணற் படிகளும் நிறைந்திருந்த பழைய வீடு மறைந்தது. பாட்டியாரின் அறையும் உடன் மறைந்தது. பாவைமேடை மட்டும் எஞ்சிற்று.

1756-இல் ஏழாண்டுப் போர் மூண்டது. பிரஷிய மன்னர் பிரெடரிக்கின் பக்கம் தந்தையாரும், ஆஸ்திரியாவின் பக்கம் தாய்வழிப் பாட்டனாரும் நின்றமையால், உறவினர் கூடியிருந்து உண்ட விருந்துகளும் பூசலாய் முடிந்தன. வெளியே செல்லுதல் குறைந்து, குழந்தைகள் வீட்டினுள்ளே அடைபட்டனர். அப்பொழுதுதான் பாவைமேடை மீண்டும் வெளிவந்தது. ஓர் அறையில் மேடை, அடுத்த அறையில் அண்டை வீட்டுப் பிள்ளைகள்! மேடைக்கென்று அமைந்த நாடகத்தைச் சிறுவர் விரைவில் மனப்பாடம் செய்தனர். விரைவிலேயே அது சலித்தும் போயிற்று. உடனே பாவைகளுக்குப் புத்தாடை தைப்பதும், திரைகளைப் புதிதாய்த் தீட்டுவதும், அச்சிறு மேடை தாங்கமாட்டாத பெரு நாடகங்களை அதன்மேல் ஏற்றுவதுமாக முனைந்தனர். பல முறை எல்லாம் குலைந்தன. எனினும் புனையும் ஆற்றலும், கைத்திறனும், உள்ளத்தில் தோன்றியதைப் பிறர் காண நிறுத்தும் திறமும் அக் குலைவினூடேயே தமக்கு வளர்ந்தன என்று கதே தம் வரலாற்றில் ஒப்புக்கொள்கிறார். சில நாளில் பாவைகளை விடுத்து, அட்டையால் வாளும் கவசமும் செய்து தாமே வேடம் புனைந்தனர். வேடம் புனைந்தோர் சண்டையிடாது இரார் என்பதைச் சொல்லவும் வேண்டுமோ?

நாணில்லார் இயங்குவதற்கு, நூலினால் ஆடும் மரப்பாவையை உவமை கூறினார் நம் வள்ளுவர். அங்கே பாவை, உயிரின்மைக்குச் சான்றாய் நிற்கிறது. கதேயின் தந்தையாரும் கூத்தைப் பற்றி ஏறக்குறைய அங்ஙனமே எண்ணினார். பயனில் பொழுதுபோக்கு என்பது அவர் துணிபு. 1759-இல் பிரெஞ்சுப் படை நகரைக் கைப்பற்றி, அப் படைத்தலைவருள் ஒருவரான தொராங்குப் பிரபு கதேயின் வீட்டிலேயே தங்கினார். படையோடு பிரெஞ்சு நாடகக் குழு ஒன்றும் வந்தது. தலைமை நடுவராகிய பாட்டனார் அரங்கிற்கு இலவச நுழைவுச் சீட்டு அளிக்க, பத்து வயதுச் சிறுவர் நாள்தோறும் அங்கே சென்றார். தந்தையார் சினந்தார், அன்னையார் இடைநின்று தணித்தார். பின்னர்ச் சிறுவரின் பிரெஞ்சுமொழித் தேர்ச்சியைக் கண்டே தந்தையார் ஓரளவு அமைதியுற்றார்.

லைப்சிக்கு நகரிலும், ஸ்ட்ராஸ்பர்க்கிலும் சட்டம் பயின்றதையும், 1771-இல் வழக்கறிஞராய்ப் பிராங்க்பர்ட் திரும்பியதையும் விரிக்க வேண்டுவதில்லை. வழக்குக் கட்டுகளைவிட நாடகமே அவரை மிகுதியும் பற்றியிருந்தது. அறநெறி அரசியற் பாவைக்கூத்து என்று பெயரிட்டு ஒரு நூலே 1774-இல் வெளியிட்டார்.

பௌஸ்டு என்பான் கதை அவர் உள்ளத்தைக் கவ்வியதும் பாவைகளின் வழியாகவேதான். பேயோடு உடன்படிக்கை செய்து, அறிவுக்கும் இன்பத்துக்கும் ஈடாகத் தன் ஆன்மாவை விற்ற அம் மந்திரவாதியின் கதை 1587-இல் அதே பிராங்க்பர்ட் நகரில் அச்சேறியது. ஆங்கிலப் புலவர் மார்லோ அதனை நாடகமாக்கினார். ஆங்கிலக் கூத்தர் அந் நாடகத்தைச் செருமானிய நாட்டுக்குக் கொணர, நாளடைவில் அது தேய்ந்து, சந்தைகளில் ஆடப்பெறும் பாவைக்கூத்தாயிற்று. கோமாளி நகைப்பூட்டுவான், ஈற்றில் பேய்கள் பௌஸ்டைப் பற்றிச் செல்லும். கற்றோர் பொருட்படுத்தாத இக் கூத்து, இளம் கதேயின் நெஞ்சில் பல குரலில் ஒலித்துக்கொண்டேயிருந்ததாம். அதற்குள் வேறொரு துயரும் புகுந்தது. பெற்ற குழந்தையைக் கொன்ற குற்றத்துக்காகச் சுசன்னா மார்கரெத்தா பிராண்டு என்னும் ஏழைப் பணிப்பெண் 1772-ஆம் ஆண்டு சனவரியில் பிராங்க்பர்ட்டில் தலை துணிக்கப்பட்டாள். கதே அப்பொழுது அந்நகரிலேயே இருந்தார். பாவைக்கூத்தில் இல்லாத கிரெட்சன் என்னும் பேதைப்பெண் அவர் நாடகத்துள் வந்தது அதன் பின்னரே. சந்தைக் கூத்தின் மரப்பாவைகளுக்கு நடுவே குருதியும் கண்ணீரும் உடைய ஒருத்தி வந்து நின்றாள். நாடகத்தின் உயிர்நிலை அவளே என்பது எம் கருத்து.

1775 நவம்பரில், பதினெட்டு வயது நிரம்பிய கோமகன் கார்ல் ஆகஸ்டின் அழைப்பை ஏற்றுக் கதே வைமார் நகரையடைந்தார். சுரங்கமும் சாலையும் படைச்செலவும் அவர் பொறுப்பாயின. நாள் முழுதும் அரசாங்க ஏடுகள்; மாலையில் அரண்மனையார் கூடி ஆடும் நாடகம். 1779-இல் தாம் எழுதிய இபிகேனியாவில் ஓரெஸ்டஸ் வேடத்தைத் தாமே தாங்கினார். பணிக்கும் கூத்துக்கும் இடையே அவர் பட்ட இடர்ப்பாடு, வில்ஹெல்ம் மைஸ்டர் என்னும் வணிகர் மகனைப் பற்றிய நாவலாய் உருவெடுத்தது.

அந் நாவல் பாவைமேடையோடுதான் தொடங்குகிறது. முதலில் எழுதிய படியில், மூதாட்டி ஒருத்தி திருநாளுக்குச் சில நாள் முன்பு பாவைகளை ஆயத்தம் செய்துகொண்டிருக்கையில், மகன் உள்ளே வந்து வியந்து நிற்கிறான். அப் படி அச்சேறாமலே மறைந்து, 1910-ஆம் ஆண்டளவில் சூரிச்சு நகரில், கதேயின் தோழியார் ஒருவர் எழுதிவைத்த கைப்பிரதியாக வெளிப்பட்டது. 1795-இல் வெளியான நூலிலோ பாவைகளைத் தருபவள் தாய். அத்தையோ பாட்டியோ தாயோ, யார் தந்தால் என் என்று வாளா போதல் எம்மால் இயலவில்லை. பாட்டியாரை அவ்விடத்தினின்றும் நீக்கியது எமக்கு வருத்தமே. ஆயினும் சிறுவன் செயல்கள் இரண்டிலும் இனியவை. பூட்டியே கிடக்கும் பண்டக அறை ஒருநாள் திறந்திருக்க, சிறுவன் உள்ளே நுழைந்து, உலர்ந்த பழங்களை அள்ளுகையில் பாவைப் பெட்டி கண்ணிற் படுகிறது. தாவீது கோலியாத்து நாடகம் எழுதிய சிறு சுவடியும் கிடைக்கிறது. நாம் ஞாயிறு பள்ளியிற் கேட்ட அதே கதைதான்! அவன் அதைக் களவாக மனப்பாடம் செய்கிறான். பிறகு வீட்டார் முன் ஆட்டுகையில், ஊக்க மிகுதியால் யோனத்தான் பாவை கைநழுவி விழுகிறது. அதை எடுக்க உள்ளிருந்து ஒரு மனிதக்கை மேடைமேல் நீள, அவையோர் நகைக்கின்றனர். தந்தையோ மகனின் திறங்கண்டு உள்ளூர மகிழ்ந்தும், அதனை மறைத்துக் குறையே கூறுகிறார். இத் தந்தை எவர் என்று நாம் சொல்ல வேண்டுவதில்லை.

1791 முதல் 1817 வரை வைமார் அரண்மனை அரங்கம் கதேயின் ஆட்சியில் இருந்தது. நடிகர்க்கு அவர் வகுத்த விதிகள் மிகக் கடுமையானவை. மேடைத்தளத்தைக் கட்டங்களாகப் பகுத்து எண்ணி, நிற்கும் இடத்தைத் தெரிந்து நிற்குமாறு பணித்தார். உயிருள்ள நடிகரையும் கம்பியில் ஆடும் பாவைகளாகவே கருதினாரோ என்று ஐயுறத் தோன்றுகிறது. பழக்கிய நாய் ஒன்று தோன்றி நடிக்கும் நாடகத்தை 1817-இல் அவர் விருப்பத்துக்கு மாறாக மேடையேற்றியபோது, அத் தலைமைப் பதவி முடிவுற்றது.

இதற்கிடையில் நம் நாட்டுத் தொடர்பு ஒன்றும் நேர்ந்தது. வில்லியம் ஜோன்ஸ் ஆங்கிலத்தில் ஆக்கிய சாகுந்தலத்தை, பார்ஸ்டர் என்பார் 1791-இல் செருமானியத்தில் பெயர்த்தார். அதனைக் கற்றுக் கதே பெருமகிழ்வெய்தினார். பௌஸ்டின் முகப்பில் அரங்கத் தலைவனும் புலவனும் நகைவேடனும் உரையாடும் பகுதி, காளிதாசரின் நாடகத் தொடக்கத்தைக் கண்டு அமைத்தது என்பர் அறிஞர் பலர். அங்கே வரும் சூத்திரதாரன் என்னும் பெயர், பாவைகளின் கயிறு பிடிப்பவனைக் குறித்துப் பிறந்ததென்று கருதுவாரும் உளர். அங்ஙனமாயின், பாவைமேடை வேறொரு வழியாகவும் கதேயைத் தேடி வந்தது போலும்!

பௌஸ்டின் முதற்பகுதி 1808-இல் வெளிவந்தது. இரண்டாம் பகுதியை 1831-இல் முடித்து முத்திரையிட்டு வைத்தார். தொடங்கி ஏறக்குறைய அறுபதாண்டு சென்றிருந்தது. சந்தைக் கூத்தில் பேய்கள் கொண்டுபோன பௌஸ்டை, அவர் வானவர் கையில் ஒப்புவித்தார். 1832-ஆம் ஆண்டு மார்ச்சு 22-ஆம் நாள் வைமாரில் கதே இறந்தார். மறைவுக்குப் பின்னரே அப் பகுதி அச்சாயிற்று.

பிராங்க்பர்ட்டிலுள்ள இல்லத்தைக் கற்றோர் கழகம் ஒன்று 1863-இல் வாங்கிப் போற்றி வந்தது. இரண்டாம் உலகப் போரில், 1944-ஆம் ஆண்டு மார்ச்சு 22-ஆம் நாள், கதே இறந்த அதே நாளில், அவ்வீடு குண்டுவீச்சால் அழிந்தது. உள்ளிருந்த பொருள்களை முன்னரே வேற்றிடத்துக்குக் கொண்டுபோய்க் காத்திருந்தனர். இடிந்த வீட்டைப் பழைய வடிவிலேயே கட்டி 1951-இல் திறந்தனர். பௌஸ்டை எழுதத் தொடங்கிய அறையிருக்கும் அதே மேல்மாடியில் மற்றோர் அறை உளது. பாட்டியார் 1753-இல் அளித்த பாவைமேடையின் எஞ்சிய பகுதியை அங்கே வைத்திருக்கின்றனர்.