கேட்கும் முன்பே கிடைக்க வேண்டிய மருந்து

ஆங்கிலேயர் ஒருவரைத் தம்முள் ஒருவராகப் போற்றுவது கம்பம் பள்ளத்தாக்கு மக்களுக்குப் புதிதன்று. 1895-இல் முல்லைப் பெரியாறு அணையைக் கட்டி முடித்த ஜான் பென்னிகுவிக்கின் படத்தை எங்கள் ஊர்களில் கடைகளிலும் வீடுகளிலும் காணலாம். ஆண்டுதோறும் ஜனவரி 15-ஆம் நாள், அவருடைய பிறந்தநாளில் மக்கள் பொங்கல் வைக்கிறார்கள். மற்றோர் ஆங்கிலேயரின் வாழ்க்கையையும் இப்பகுதி மக்கள், குறிப்பாகச் செவிலியர்கள், அறிந்துகொள்ள வேண்டும் என்பது என் நெடுநாள் விருப்பம். அவர் சிசிலி சாண்டர்ஸ். தீரா நோயாளியின் வலியை அளக்கவும் ஆற்றவும் மருத்துவ உலகுக்குக் கற்றுக்கொடுத்தவர்.

1918 ஜூன் 22 அன்று லண்டனுக்கு வடக்கே பார்னெட்டில் வசதியான குடும்பம் ஒன்றில் சிசிலி பிறந்தார். ஆக்ஸ்ஃபோர்டில் அவர் படிக்கச் சென்றது அரசியல், தத்துவம், பொருளியல் ஆகிய மூன்றும் அடங்கிய பட்டப்படிப்பு. இரண்டாம் உலகப் போர் மூண்டது. படிப்பைப் பாதியில் விட்டு, 1940-இல் லண்டன் புனித தாமஸ் மருத்துவமனையில் புளோரன்ஸ் நைட்டிங்கேலின் பெயரால் விளங்கும் செவிலியர் பள்ளியில் சேர்ந்தார். பயிற்சியை முடித்த நேரத்தில் முதுகுவலி அவரை முடக்கியது. நோயாளிகளைத் தூக்கிக் கிடத்தும் வேலையைத் தொடர முடியவில்லை. ஆக்ஸ்ஃபோர்டு திரும்பிப் பட்டத்தை முடித்து, மருத்துவமனைச் சமூகப் பணியாளரானார். வலி என்றால் என்னவென்று அவருடைய முதுகெலும்பே அவருக்கு முதலில் சொல்லிக்கொடுத்தது எனலாம்.

அப்பணியில்தான் டேவிட் தாஸ்மாவைச் சந்தித்தார். வார்சாவிலிருந்து வந்த யூதர்; உணவகப் பணியாளர்; நாற்பது வயதில் புற்றுநோயால் இறந்துகொண்டிருந்தவர். உற்றார் யாரும் அருகில் இல்லை. இரைச்சல் மிகுந்த அந்த மருத்துவமனைக் கூடத்தில் இருவரும் பல நாள்கள் பேசினார்கள். இறக்கும் நிலையில் இருப்பவர்கள் வலியின்றி, தம் மனம் திறந்து பேசியபடி இருக்க ஓர் இல்லம் வேண்டும் என்ற எண்ணம் அந்தப் பேச்சில் உருவாயிற்று. 1948-இல் தாஸ்மா மறைந்தபோது, அவ்வில்லத்தில் தாம் ஒரு சாளரமாக இருக்க விரும்புவதாகச் சொல்லி 500 பவுண்டை சிசிலிக்கு விட்டுச் சென்றார்.

பின்னர் சிசிலி, லண்டன் பேஸ்வாட்டரில் இருந்த புனித லூக்கா மருத்துவமனையில் மாலை நேரங்களில் தன்னார்வச் செவிலியராகப் பணியாற்றினார். அங்கே, வலி வந்த பின் மருந்து தேடும் வழக்கம் இல்லை. நான்கு மணி நேரத்துக்கு ஒருமுறை, முந்தைய வேளை மருந்தின் பலன் தீருமுன்பே, வாய்வழியாக மார்பின் கொடுக்கப்பட்டது. நோயாளிகள் அமைதியாகவும் தெளிவாகவும் இருந்தார்கள். பெரிய மருத்துவமனைகள் கண்டுகொள்ளாத இந்த எளிய நடைமுறை, செவிலியர் கையில் இருந்தது. ஆனால் செவிலியர் சொன்னால் மருத்துவ உலகம் செவிமடுக்காது. மருத்துவராக வந்து சொன்னால்தான் கேட்கும் என்று அறுவைச் சிகிச்சை மருத்துவர் ஒருவர் அறிவுறுத்தினார். முப்பது வயதைக் கடந்த சிசிலி மருத்துவக் கல்லூரியில் சேர்ந்து, 1957-இல் மருத்துவராகத் தேர்ச்சி பெற்றார்.

அடுத்த ஆண்டு, கிழக்கு லண்டன் ஹாக்னியில் கன்னியர் நடத்திய புனித யோசேப்பு இல்லத்துக்குச் சென்றார். அக்காலத்தில் பரவலாக இருந்த முறை, நோயாளி வலி தாங்காமல் கேட்ட பிறகு ஊசி போடுவது. பொருளியல் வகுப்பில் நான் முப்பது ஆண்டுகள் கற்பித்த முதல் பாடம் இங்கே பொருந்துகிறது. தேவை வேறு, வேண்டல் வேறு. பசித்தவனுக்கெல்லாம் உணவு தேவை. காசு வைத்திருப்பவனின் தேவைதான் சந்தையில் வேண்டலாகிறது. மருத்துவமனைக் கட்டிலில் அந்தக் காசின் இடத்தில் இருப்பது குரல். உரக்கக் கேட்கத் தெரிந்தவருக்கு மருந்து கிடைக்கும். முதியவர், குழந்தை, பேச்சிழந்தவர், பிறருக்குத் தொந்தரவு தரக்கூடாது என்று பல்லைக் கடித்துக் கிடக்கும் பெண் ஆகியோருக்குக் கிடைக்காது.

சிசிலி மாற்றியது இந்தக் கணக்கை. மருந்து கடிகாரப்படி தரப்பட வேண்டும். அளவைச் சிறிதாகத் தொடங்கி, வலி அடங்கும்வரை படிப்படியாக உயர்த்த வேண்டும். இடையில் வலி தலைதூக்கினால் கூடுதல் வேளை தர வேண்டும். மார்பின் மலச்சிக்கலை உண்டாக்கும் என்பதால் அதற்கான மருந்தையும் உடன் தர வேண்டும். வலிக்குத் தக்க அளவில் முறையாகத் தரும்போது நோயாளி போதைக்கு அடிமையாகிவிடுவார் என்ற அச்சம் பெரிதும் ஆதாரமற்றது என்பதை, ஆயிரத்துக்கும் மேற்பட்ட நோயாளிகளின் பதிவேடுகளைக் கொண்டு அவர் எடுத்துக்காட்டினார். நோயாளிகளின் பேச்சை ஒலிப்பதிவு செய்தும் ஆராய்ந்தார்.

அப்படிக் கேட்டதில் விளைந்ததே முழுமை வலி என்னும் அவருடைய கருத்து. எங்கே வலிக்கிறது என்ற கேள்விக்கு ஒரு பெண் முதுகு என்று தொடங்கி, கணவர் வேலைக்குப் போக முடியாமை, அதனால் இழந்த பணம், உலகமே தனக்கு எதிராக இருப்பதுபோன்ற உணர்வு என்று சொல்லிக்கொண்டே போனார். உடலின் வலி, மனத்தின் வலி, குடும்பத்தையும் பணத்தையும் பற்றிய வலி, வாழ்வின் பொருள் பற்றிய வலி ஆகிய நான்கும் ஒன்றோடொன்று பின்னியவை. ஒன்றை விட்டுவிட்டு மற்றொன்றை ஆற்ற முடியாது என்று சிசிலி 1960-களில் எழுதினார்.

இன்று செவிலியர்கள் வலியை 0 முதல் 10 வரையிலான எண்ணால் குறிக்கச் சொல்கிறார்கள். எண் சொல்ல இயலாதவர்களுக்கு முகப் படங்களைக் காட்டுகிறார்கள். பேச இயலாதவர்களின் நெற்றிச் சுருக்கத்தையும் முனகலையும் உடல் கிடக்கும் நிலையையும் பார்க்கிறார்கள். இவை நல்ல கருவிகள். ஆனால் தமிழில் வலியைச் சொல்ல எத்தனை சொற்கள்! குத்தல், குடைச்சல், எரிச்சல், கடுப்பு, சுருக்கென்று தைத்தல், விண்விண்ணென்று தெறித்தல். எரிகிறது, மின்சாரம் பாய்வதுபோல் இருக்கிறது என்றால் அது நரம்பு வலியாக இருக்கலாம். அதற்கு மார்பினோடு வேறு மருந்தும் தேவைப்படும். எண்ணை மட்டும் குறித்துக்கொண்டு சொல்லை விட்டுவிடும் செவிலியர், பாதி நோயை விட்டுவிடுகிறார்.

விடியும் முன் ஜீப்பில் ஏறி மலைமேல் ஏலத்தோட்டங்களுக்குச் செல்லும் எங்கள் பெண்களிடம் வலிக்கிறதா என்று கேட்டால், பெரும்பாலும் பரவாயில்லை என்பதே பதில். இரவு எத்தனை மணி நேரம் தூங்கினீர்கள், ஒருக்களித்துப் படுக்க முடிகிறதா, பேரப்பிள்ளையை மடியில் வைத்துக்கொள்ள முடிகிறதா என்று கேட்டால்தான் உண்மை வெளிவரும். என் அண்ணியார் எலும்புக்குப் பரவிய புற்றுநோயால் துன்புற்றபோது, ஒரு மருத்துவமனையில் இக்கேள்விகள் எதுவும் கேட்கப்படவில்லை. இரவில் அவர் கதறிய பிறகே ஊசி வந்தது. அது விட்டதும் மறுபடி கதறல். அவருடைய கடைசி ஆறு வாரங்கள் அப்படிக் கழிந்தன. அதற்குப் பின்னரே சிசிலியின் வாழ்க்கையைத் தேடிப் படித்தேன்.

1967-இல், தென்கிழக்கு லண்டனின் சிடன்ஹாமில் புனித கிறிஸ்டோபர் இல்லத்தை சிசிலி திறந்தார். தாஸ்மா விரும்பிய சாளரம் அதன் நுழைவாயிலில் அமைந்தது. சிகிச்சை, ஆராய்ச்சி, பயிற்சி மூன்றும் ஒரே கூரையின்கீழ் நடந்த முதல் நவீன ஹாஸ்பிஸ் அது. 1969-இல் அங்கிருந்து செவிலியர்கள் நோயாளிகளின் வீடுகளுக்கே செல்லத் தொடங்கினர். வாய்வழியாக, கடிகாரப்படி, வலியின் படிநிலைக்கேற்ப மருந்து தர வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 1986-இல் வெளியிட்ட புற்றுநோய் வலி வழிகாட்டுதலில், அவருடைய அனுபவம் உலக நடைமுறையாயிற்று.

நம் நாட்டின் கதை சற்று முரணானது. மருந்துக்கான அபினைச் சட்டப்படி விளைவித்து ஏற்றுமதி செய்யும் நாடு இந்தியா. ஆனால் 1985-இல் வந்த போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் கெடுபிடியால், மருத்துவமனைகளில் மார்பின் அரிதாயிற்று. ஒரு மருத்துவமனை அதை வாங்கப் பல உரிமங்கள் பெற வேண்டியிருந்தது. 2014-இல்தான் சட்டம் திருத்தப்பட்டு நடைமுறை எளிதாக்கப்பட்டது. இடைப்பட்ட காலத்தில் கேரளம் வழிகாட்டியது. 1993-இல் கோழிக்கோட்டில் மருத்துவர்கள் ராஜகோபாலும் சுரேஷ்குமாரும் வலிநிவாரணச் சங்கத்தைத் தொடங்கினர். 2008-இல் கேரள அரசு இதற்கெனக் கொள்கை வகுத்தது. உள்ளாட்சிகள் செவிலியரை அமர்த்தி வீடு வீடாக அனுப்புகின்றன. தமிழ்நாட்டில் 2021 ஆகஸ்ட் 5 அன்று தொடங்கப்பட்ட மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில், வலி நிவாரணமும் நோய் ஆதரவு சிகிச்சையும் வீட்டிலேயே தருவது ஒரு பகுதியாகச் சேர்க்கப்பட்டது. பாராட்டத்தக்க தொடக்கம்.

செய்ய வேண்டியது இன்னும் உண்டு. மார்பின் மாத்திரை ஒன்றின் விலை சில ரூபாய். நிலத்தை அடகு வைத்து மதுரைக்கும் அதற்கு அப்பாலும் அலையும் ஒரு குடும்பத்தின் செலவில் அது கணக்கிலேயே வராது. உண்மையில் பற்றாக்குறை, நோயாளியின் அருகில் அரை மணி நேரம் உட்கார்ந்து கேட்கும் செவிலியரின் நேரத்தில்தான். அந்த நேரத்துக்கு அரசின் வரவுசெலவில் இடம் வேண்டும். தேனி, போடி, உத்தமபாளையம், கம்பம் என ஒவ்வொரு வட்டாரத்திலும் அரசு மருத்துவமனையில் வாய்வழி மார்பின் தடையின்றிக் கிடைக்க வேண்டும். காய்ச்சலும் ரத்த அழுத்தமும் குறிக்கப்படும் தாளில் வலியும் குறிக்கப்பட வேண்டும். வலி குறையவில்லை என்று செவிலியர் எழுதினால், மருத்துவர் மருந்தளவை மாற்றியாக வேண்டும் என்பது விதியாக வேண்டும்.

2005 ஜூலை 14 அன்று, தாம் நிறுவிய புனித கிறிஸ்டோபர் இல்லத்திலேயே, மார்பகப் புற்றுநோயால் சிசிலி சாண்டர்ஸ் காலமானார். அப்போது அவருக்கு வயது 87. மற்றவர்களுக்காக அவர் உருவாக்கிய பராமரிப்பே கடைசியில் அவருக்கும் கிடைத்தது. நம் பள்ளத்தாக்கில், ஏலத்தோட்டத்திலும் திராட்சைத் தோட்டத்திலும் உழைத்து ஓய்ந்த ஒரு மூதாட்டிக்கு, அவர் வாய்விட்டுக் கேட்கும் முன்பே அது கிடைக்கும் நாளை அரசும் நாமும் விரைவுபடுத்த வேண்டும்.