விமான விபத்தில் முடிந்த வாழ்க்கை... 90 ஆண்டாக ஒலிக்கும் காதல் பாட்டு! யார் இந்த கார்லோஸ் கார்டெல்?

'சென்ட் ஆஃப் எ வுமன்' படத்தில் பார்வை இழந்தவராக வரும் அல் பசினோ, ஓட்டல் ஹாலில் ஒரு இளம்பெண்ணோடு டாங்கோ ஆடுவாரே... அந்த சீன் ஞாபகம் இருக்கா? பின்னணியில் ஓடும் மெட்டைப் போட்டவர், 1992-ல் அந்தப் படம் வருவதற்கு 57 வருஷம் முன்னாடியே இறந்துபோனவர். பெயர் கார்லோஸ் கார்டெல். அர்ஜென்டினாவின் டாங்கோ மன்னன்.

ஆனா, ஸ்பானிஷ் பேசும் நாடுகளில் கார்டெல்னு சொன்னா முதலில் நினைவுக்கு வரும் காதல் பாட்டு அது இல்லை. 'எல் தியா கே மே கியராஸ்' என்ற பாட்டுதான். தமிழில் 'நீ என்னைக் காதலிக்கும் நாள்' என்று சொல்லலாம். 1935-ல் பதிவான பாட்டு, கல்யாண வீடுகளில் இன்னமும் பாடப்படுகிறது. ஓபரா பாடகர் பிளாசிடோ டொமிங்கோ பாடியிருக்கிறார். 1994-ல் மெக்சிகோவின் லூயிஸ் மிகேல் பாடி, கார்டெலைப் பார்த்தே இராத ஒரு தலைமுறைக்குக் கொண்டுபோனார்.

அப்படி என்ன இருக்கு இந்தப் பாட்டில்? அதுக்கு முதலில் கார்டெல் யாருன்னு தெரியணும். அந்தக் கேள்விக்கே பதில் அவ்வளவு சுலபம் இல்லை.

எந்த ஊர்க்காரர்?

1890 டிசம்பர் 11-ம் தேதி, பிரான்சின் துலூஸ் நகர ஆஸ்பத்திரியில் ஒரு ஆண் குழந்தை பிறந்தது. தாய் பெர்த் கார்டெஸ், கல்யாணம் ஆகாதவர். பிறப்புப் பதிவில் அப்பா பெயர் இல்லை. அந்தக் காலத்தில் அப்படி ஒரு பெண் சொந்த ஊரில் நிம்மதியா இருக்க முடியுமா? 1893-ல், இரண்டே வயதான மகனைத் தூக்கிக்கொண்டு பியூனஸ் அயர்ஸுக்குக் கப்பலேறினார். அங்கே துணி இஸ்திரி போட்டு மகனை வளர்த்தார்.

பையன் வளர்ந்தது அபாஸ்தோ என்ற பெரிய காய்கறிச் சந்தையைச் சுற்றியுள்ள தெருக்களில். ஓட்டல், மதுக்கடை, அரசியல்வாதிகளின் கிளப் என்று கூப்பிட்ட இடத்தில் பாடினான். 'அபாஸ்தோவின் கறுப்பு முடிக்காரன்' என்பது அந்த வட்டாரம் வைத்த பட்டப்பெயர். சார்ல்ஸ் கார்டெஸ் என்ற பிரெஞ்சுப் பெயர் கார்லோஸ் கார்டெல் ஆனதும் அங்கேதான்.

இங்கே ஒரு ட்விஸ்ட். 1920-ல் உருகுவே நாட்டுத் தூதரக அலுவலகத்துக்குப் போய், தான் பிறந்தது உருகுவேயின் டாகுவாரெம்போவில், 1887-ல் என்று பதிவு செய்துகொண்டார். ஏன்? முதல் உலகப் போரில் பிரெஞ்சு ராணுவத்தில் சேரவேண்டிய வயது அவருக்கு. போகவில்லை. பிரெஞ்சுக்காரராகவே இருந்துவிட்டு ஐரோப்பாவுக்குப் பாடப் போனால் வம்பு. அதுதான் காரணம் என்கிறார்கள் பெரும்பாலான ஆய்வாளர்கள். 1923-ல் அர்ஜென்டினா குடியுரிமையும் வாங்கினார். பிறகு 1933-ல் தன் கைப்பட எழுதிய உயிலில், துலூஸில் பிறந்தவன், பெர்த்தின் மகன் என்று சொல்லிவிட்டார். உருகுவேயில் ஒரு தரப்பு இன்னைக்கும் அந்த உயிலை ஒத்துக்கொள்ளவில்லை. டாகுவாரெம்போவில் அவருக்கு மியூசியமே இருக்கு.

கால் ஆடிய டாங்கோவுக்குக் கதை கொடுத்தவர்

கார்டெல் வருவதற்கு முன் டாங்கோ என்றால் முக்கியமாக ஆட்டம்தான். 1917-ல் அவர் பதிவு செய்த 'மி நோச்சே திரிஸ்தே' அதை மாற்றியது. காதலி விட்டுப்போன அறையில் தனியா உட்கார்ந்திருக்கும் ஒருவனின் புலம்பல் அது. டாங்கோவில் கதை சொல்லலாம், அழலாம் என்று காட்டிய பாட்டு. அதன்பின் 700-க்கும் மேற்பட்ட பதிவுகள். 1928-ல் பாரிஸைக் கலக்கினார். அடுத்து பாரமவுண்ட் கம்பெனிக்கு ஸ்பானிஷ் படங்கள், முதலில் பாரிஸ் பக்கத்தில், பிறகு நியூயார்க்கில். சில தியேட்டர்களில் ரசிகர்கள் பாட்டுக் காட்சியைத் திரும்ப ஓட்டச் சொல்லி அடம்பிடிப்பார்களாம், ஆபரேட்டரும் ரீலைப் பின்னால் சுற்றி மறுபடி போடுவாராம்.

இத்தனைக்கும் அவருக்கு இசைக்குறிப்பு எழுதத் தெரியாது. மெட்டை வாயால் பாடிக் காட்டுவார், பக்கத்தில் இருக்கும் இசைக்கலைஞர் எழுதிக்கொள்வார்.

பாட்டு பிறந்த கதை

வரி எழுதியவர் அல்ஃப்ரெடோ லே பெரா. பிரேசிலில் பிறந்து பியூனஸ் அயர்ஸில் வளர்ந்த பத்திரிகைக்காரர். கார்டெல் படங்களுக்குக் கதையும் அவர்தான். அவருக்கு முன்னால் ஒரு சிக்கல் இருந்தது. டாங்கோ பாட்டுகளில் 'லுன்ஃபார்தோ' என்ற பியூனஸ் அயர்ஸ் தெருப் பாஷை நிறைய வரும். மெக்சிகோக்காரருக்கோ கொலம்பியாக்காரருக்கோ பாதி புரியாது. படமோ எல்லா நாட்டிலும் ஓடணும். அதனால் லே பெரா தெருச் சொற்களை ஒதுக்கிவிட்டு, யார் கேட்டாலும் புரியும் ஸ்பானிஷில் எழுதினார். இந்தப் பாட்டு எந்த நாட்டிலும் அந்நியமா தெரியாததுக்கு இது பெரிய காரணம். சொந்த ஊர் எதுன்னு தெளிவாச் சொல்லாத பாடகருக்கு, எந்த ஊருக்கும் பொருந்தும் பாஷை!

தலைப்பு மெக்சிகோ கவிஞர் அமாதோ நெர்வோவின் கவிதைத் தலைப்பு. அவள் காதலிக்கப்போகும் நாளில் பூவும் காற்றும் நட்சத்திரமும் என்னவெல்லாம் செய்யும் என்று அடுக்கிக்கொண்டே போகும் பாட்டு. உண்மையைச் சொன்னால், வரிகளைத் தனியாப் படிச்சா கொஞ்சம் ஓவர்தான். ஆனா கவனிங்க, அந்த நாள் இன்னும் வரவில்லை. தலைப்பில் உள்ள வினைச்சொல்லே, நடந்துவிட்டதைச் சொல்லாமல் இனி நடக்கணும் என்று நினைப்பதைச் சொல்லும் வடிவம். ஸ்பானிஷ் இலக்கணத்தில் அதுக்குத் தனி இடம் இருக்கு. பாட்டு முடியும்போதும் அவள் சம்மதம் சொல்லியிருக்க மாட்டாள்.

1935 தொடக்கத்தில் இதே பெயரில் நியூயார்க்கில் படம் எடுத்தார்கள். கதையில் அந்தக் காதலி மனைவியாகி, வறுமையில் நோய்வாய்ப்பட்டு இறந்துவிடுவாள். பேப்பர் விற்கும் பையனாக ஒரு சின்னப் பையன் தலைகாட்டுவான். நியூயார்க்கில் வசித்த அர்ஜென்டினா குடும்பத்துப் பிள்ளை, பெயர் ஆஸ்டர் பியாசோலா. பாண்டோனியன் வாசிக்கும் அந்தப் பையனை கார்டெலுக்கு ரொம்பப் பிடித்துவிட, அடுத்த சுற்றுப்பயணத்துக்கு வரச்சொல்லிக் கூப்பிட்டார். சின்னப் பையன், அனுப்ப மாட்டேன் என்று அப்பா மறுத்துவிட்டார்.

ஜூன் 24, 1935

போர்ட்டோ ரிகோ, வெனிசுலா, கொலம்பியா என்று போகிற இடமெல்லாம் கூட்டம். அன்று பொகோட்டாவிலிருந்து காலி நகருக்கு விமானம். நடுவில் மெடலினில் இறங்கி, மதியம் 3 மணி வாக்கில் மறுபடி கிளம்பியது. மேலே எழும்பும் முன்பே ஓடுபாதையை விட்டு விலகி, தரையில் காத்திருந்த இன்னொரு விமானத்தில் மோதித் தீப்பிடித்தது. கார்டெலுக்கு வயது 44. லே பெராவும் அதே விமானத்தில் இறந்தார். கிட்டார் கலைஞர்களில் கில்லெர்மோ பார்பியேரி அங்கேயே போனார், ஆங்கெல் ரிவெரோல் இரண்டு நாள் கழித்து. ஹோசே மரியா அகிலார் தீக்காயங்களோடு பிழைத்தார். எப்படி நடந்தது என்ற சண்டை இன்னும் ஓயவில்லை.

பியாசோலா பின்னாளில் டாங்கோ இசையையே புரட்டிப்போட்டார். அன்னைக்கு அப்பா சரின்னு சொல்லியிருந்தா, இப்போ பாண்டோனியனுக்குப் பதிலா மேலே ஹார்ப் வாசிச்சிட்டிருப்பேன் என்று ஜோக்கடிப்பாராம்.

அம்மா பெர்த் அப்போது துலூஸில் இருந்தார். எந்த ஊரிலிருந்து மகனைத் தூக்கிக்கொண்டு கிளம்பினாரோ, அதே ஊரில் வைத்துத்தான் செய்தி வந்தது.

மெடலினில் புதைக்கப்பட்ட உடலை டிசம்பரில் தோண்டி எடுத்தார்கள். ரயிலிலும் கோவேறு கழுதை மேலும் மலை கடந்து துறைமுகம், அங்கிருந்து கப்பலில் நியூயார்க், பிறகு மோன்டிவிடியோ. 1936 பிப்ரவரியில்தான் பியூனஸ் அயர்ஸ் வந்து சேர்ந்தது. லூனா பார்க் அரங்கில் அஞ்சலி, மறுநாள் சக்காரிதா கல்லறை வரை தெருவெல்லாம் ஜனம். பெர்த் 1943-ல் இறந்தபோது மகன் பக்கத்திலேயே அடக்கம் செய்தார்கள். அங்கே நிற்கும் வெண்கலச் சிலையின் விரல் நடுவே, ரசிகர்கள் சிகரெட்டைப் பற்றவைத்துச் செருகிவிட்டுப் போகிறார்கள்.

2003-ல் யுனெஸ்கோ அவருடைய ஒலிப்பதிவுகளை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. விண்ணப்பித்த நாடு? உருகுவே!

பாட்டைக் கேட்கணும்னா கவர் வெர்ஷன் வேண்டாம், கார்டெலின் 1935 பதிவையே தேடுங்க. பழைய ரெக்கார்ட், கரகரன்னுதான் இருக்கும். பாதியில் பாடுவதை நிறுத்திவிட்டு, அவளிடம் நேரில் சொல்வதுபோல மெதுவாகப் பேச ஆரம்பிப்பார். அந்த இடத்துக்கு மட்டும் இயர்போன் போட்டுக்கோங்க.