எத்தியேன்-ஜூல் மாரே

எத்தியேன்-ஜூல் மாரே (மார்ச் 5, 1830 – மே 15, 1904) பிரான்சு நாட்டைச் சேர்ந்த உடலியங்கியல் அறிஞர் ஆவார். உயிரினங்களின் அசைவுகளை ஒளிப்படங்களாகப் பதிந்து அளக்கும் முறையை உருவாக்கியவர்களுள் முதன்மையானவர். திரைப்படத்தின் முன்னோடிகளுள் ஒருவராகவும் கருதப்படுகிறார். எனினும், அசைவைக் காட்டுவதைவிட அதை அளப்பதே இவரது நோக்கமாக இருந்தது.

தொடக்ககால ஆய்வுகள்

பர்கண்டிப் பகுதியிலுள்ள போன் நகரில் பிறந்த மாரே, 1849 இல் மருத்துவம் பயிலப் பாரிசு சென்றார். 1860 இல் நாடித்துடிப்பைப் பதியும் கருவி ஒன்றை அமைத்தார். அதிலிருந்த மெல்லிய நெம்புகோல் துடிப்பைப் பெரிதாக்கி, கரி படிந்த தாளில் கோடாக வரைந்தது. 1869 இல் கொலேஜ் டி பிரான்சு நிறுவனத்தில் பேராசிரியரானார்.

குதிரையின் குளம்புகளில் காற்றடைத்த இரப்பர் உறைகளைப் பொருத்தி, அவை தரையில் படும் நேரங்களையும் பதிந்தார். பாய்ந்தோடும் குதிரையின் நான்கு கால்களும் ஒரு கணம் தரையை விட்டு நீங்குகின்றன என்று இதிலிருந்து அறிந்தார். இவ்வாய்வுகளை விளக்கும் இவரது நூல் 1873 இல் வெளிவந்தது. கலிபோர்னியாவில் எட்வர்ட் மைபிரிட்ஜ் 1878 இல் எடுத்த ஒளிப்படங்கள் இம்முடிவை உறுதிசெய்தன.

ஒளிப்படத் துப்பாக்கி

மைபிரிட்ஜ் 12 கருவிகளை வரிசையாக வைத்துப் படமெடுத்தார். இதனால் ஒவ்வொரு படமும் வெவ்வேறு இடத்திலிருந்து எடுக்கப்பட்டதாக அமைந்தது. துல்லியமாக அளப்பதற்கு ஒரே பார்வையிடமும் சமமான கால இடைவெளியும் தேவை என்பதை மாரே உணர்ந்தார். 1882 இல் துப்பாக்கி வடிவில் ஒரு கருவியை உருவாக்கினார். அது நொடிக்கு 12 படங்களைச் சுழலும் கண்ணாடித் தட்டில் பதிந்தது. பறக்கும் பறவைகளை இதனால் படமெடுத்தார்.

கோடுகளாக மாறிய மனிதன்

அதே ஆண்டில், துளையுள்ள சுழல்வட்டின் வழியே ஒரே அசையாத் தட்டில் பல படங்களைப் பதியும் முறையையும் கண்டார். ஆனால் நொடிக்கு எடுக்கும் படங்கள் கூடியபோது அவை ஒன்றன்மேல் ஒன்று படிந்து குழம்பின. இதற்கு மாரே கண்ட தீர்வு, தேவையற்றதை மறைப்பதாகும். பாரிசின் புறத்தே அமைந்த ஆய்வு நிலையத்தில், மனிதர்களுக்குக் கரிய உடை அணிவித்து, கை கால்களின் நீளத்தில் வெண்கோடுகளையும் மூட்டுகளில் வெண்புள்ளிகளையும் இட்டார். கரும்பின்னணியில் அவர்கள் நடந்தபோது உடல் மறைந்து, கோடுகளும் புள்ளிகளும் மட்டுமே பதிந்தன. மூட்டுகள் ஒவ்வொரு கணத்திலும் இருந்த இடத்தை இவ்வாறு அளக்க முடிந்தது.

1888 இல் ஒளியுணர் தாள்சுருளைப் பயன்படுத்தத் தொடங்கியதால் படங்கள் தனித்தனியாகப் பதிந்தன.

பிரிவும் மறைவும்

இவரது உதவியாளர் சார்சு டெமெனி, அசையும் படங்களை வணிகமாக்க விரும்பினார். கண் காண்பதையே மீண்டும் காட்டுவதால் அறிவியலுக்குப் பெரும்பயன் இல்லை என்பது மாரேயின் கருத்து. 1894 இல் இருவரும் பிரிந்தனர். மறு ஆண்டில் லூமியேர் சகோதரர்கள் பொதுமக்களுக்குப் படங்களைத் திரையிட்டனர். காற்றோட்டத்தைப் புகைக்கோடுகளால் ஆராய்வதில் தம் இறுதி ஆண்டுகளில் ஈடுபட்ட மாரே, 1904 இல் பாரிசில் காலமானார்.

தாக்கம்

கணினிவழி அசைவுப் பதிவில், நடிகர் அல்லது நோயாளியின் மூட்டுகளில் ஒளிதெறிக்கும் குறிகள் பொருத்தப்படுகின்றன. பல ஒளிப்படக் கருவிகள் பதியும் அக்குறிகளிலிருந்து முப்பரிமாண இருப்பிடத்தைக் கணினி கணிக்கிறது. குறிகளே இன்றி மூட்டுகளைக் கண்டறியும் படிமுறைகளும் பின்னர் உருவாகின. உடலைப் புள்ளிகளாகவும் கோடுகளாகவும் சுருக்கி அசைவை அளக்கும் மாரேயின் அணுகுமுறை இவற்றிலும் தொடர்கிறது.