பாலை கண்ட படைத்தலைவர் - ஜெனரல் பி. பி. குமாரமங்கலம்

தகடூர் மண் நடுகற்களின் மண். தருமபுரி வட்டாரத்தின் ஏரிக்கரைகளிலும் காட்டோரங்களிலும் பல்லவர் காலந்தொட்டு நாட்டப்பெற்ற வீரக்கற்கள் இன்றும் காணக் கிடைக்கின்றன. ஆநிரை மீட்கச் சென்று விழுந்தவன், தன் ஊர் காக்க நின்று மடிந்தவன், தன் தலைவனுக்காக உயிர் கொடுத்தவன் என அவற்றில் பொறிக்கப்பட்டவர் யாவர்க்கும் ஒரு பொதுமை உண்டு. எதற்காகப் போரிட்டோம் என்பதில் அவர்களுக்கு ஐயமில்லை. இந்நாட்டை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சிக்கு நடப்பட்ட கல்லைப் பார்த்து ஔவையார் பாடிய கையறுநிலைப் பாட்டு புறநானூற்றில் உள்ளது. அந்தத் துயரிலும் அவன் எதற்காக வீழ்ந்தான் என்ற கேள்வி எழுவதில்லை.

இருபதாம் நூற்றாண்டின் உலகப் போர்களில் தமிழன் கடல் கடந்து சென்று போரிட்டான். அப்போர் அவன் ஊருக்காக நடந்ததன்று. அவனை ஆண்ட அந்நியப் பேரரசு கேட்டதற்காக அவன் சென்றான். அவனுக்கு எந்தக் கல்லை நடுவது? இக்கேள்வியைத் தம் வாழ்க்கையாகவே வாழ்ந்து காட்டியவர், இந்தியத் தரைப்படையின் தலைமைத் தளபதியாக உயர்ந்த முதல் தமிழர், ஜெனரல் பி. பி. குமாரமங்கலம். நம் வட்டம் பத்தாண்டு நிறைவு காணும் இம்மலரில் அன்னாரை நினைவுகூர்வது பொருத்தமாகும். தருமபுரி தனி மாவட்டமானது 1965 அக்டோபர் 2 ஆம் நாளில்தான். அதற்கு முன் நம் ஊர்களும் குமாரமங்கலம் ஜமீன் இருந்த திருச்செங்கோட்டுப் பகுதியும் ஒரே சேலம் மாவட்டத்தைச் சேர்ந்தவை. அவ்வகையில் அவர் நம்மவர்.

பரமசிவ பிரபாகர் குமாரமங்கலம் 1913 ஜூலை 1 ஆம் நாள் பிறந்தார். தந்தை குமாரமங்கலம் ஜமீன்தார் டாக்டர் ப. சுப்பராயன், 1926 முதல் 1930 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சர். தாயார் மங்களூரைச் சேர்ந்த ராதாபாய், லண்டன் வட்டமேசை மாநாட்டில் இந்தியப் பெண்களின் சார்பில் அமர்ந்தவர். மக்களுள் மூத்தவர் பிரபாகர். தம்பியர் கோபாலும் மோகனும், தங்கை பார்வதி. தம்பி மோகனும் தங்கை பார்வதியும் கம்யூனிஸ்டு இயக்கத்தில் புகழ்பெற்றவர்கள். ஒரே கூரையின்கீழ் ஜமீன், காங்கிரசு, பொதுவுடைமை, பட்டாளம் ஆகிய நான்கும் வளர்ந்த வீடு அது.

மூத்த மகன் தேர்ந்தெடுத்தது பட்டாளத்தை. இங்கிலாந்தில் வுல்விச் நகரிலிருந்த ராணுவக் கல்லூரியில் பயின்று, 1933 இல் மன்னரின் ஆணைபெற்ற அதிகாரியாகப் பீரங்கிப் படைக்கு வந்தார். இது அன்று எளிதில் கிட்டும் இடமன்று. 1857 ஆம் ஆண்டுப் பெருங்கிளர்ச்சிக்குப் பின் ஆங்கில அரசு, மலைப் பீரங்கிகள் நீங்கலாக, இந்தியர் கையில் பீரங்கியைக் கொடுக்க அஞ்சியது. ஏறத்தாழ முக்கால் நூற்றாண்டு கழித்து 1935 இல்தான் இந்தியர்களைக் கொண்ட களப் பீரங்கிப் பிரிவு பெங்களூரில், நம் ஓசூருக்கு அண்மையில், தொடங்கப்பட்டது. அவ்வாறு நம்பிக்கை மறுக்கப்பட்ட கைகளில் மீண்டும் பீரங்கி வந்தபோது அதனை ஏற்ற முதல் சில இந்திய அதிகாரிகளுள் ஒருவர் குமாரமங்கலம்.

1939 செப்டம்பரில் போர் மூண்டது. இந்திய மக்களின் பிரதிநிதிகளை ஒரு சொல்லும் கேளாமல் வைசிராய் இந்தியாவையும் போரில் இணைத்தார். அதனைக் கண்டித்துக் காங்கிரசு அமைச்சரவைகள் பதவி துறந்தன. ராஜாஜியின் அமைச்சரவையில் சட்டமும் கல்வியும் கவனித்துவந்த சுப்பராயனும் வெளியேறினார். தம்பி மோகன் போரெதிர்ப்பைப் பரப்பியதற்காகச் சென்னைச் சதி வழக்கில் 1941 இல் சிறை புகுந்தார். அதே போருக்கு அண்ணன் புறப்பட்டார். தந்தை பதவி துறந்ததும், இளையவன் சிறை சென்றதும், மூத்தவன் களம் சென்றதும் ஒரே போரின் பொருட்டு! ஒரு குடும்பத்தின் கதையில் ஒரு நாட்டின் மனப்போராட்டம் முழுவதும் அடங்கிவிடுகிறது.

அந்த மனப்போராட்டம் எளிதான ஒன்றாக இருக்கவில்லை என்பதையும் நாம் நினைவில் இருத்த வேண்டும். ஹிட்லர் 1941 ஜூனில் சோவியத் நாட்டின்மீது படையெடுத்தபின், மோகன் சார்ந்திருந்த இயக்கமே போரை மக்கள் யுத்தமெனக் கருதலாயிற்று. 1942 ஏப்ரலில் ஜப்பானிய விமானங்கள் 5 ஆம் நாள் கொழும்பையும் 6 ஆம் நாள் விசாகப்பட்டினத்தையும் காக்கிநாடாவையும் தாக்கியபோது, சென்னைப் பட்டினமே வெறிச்சோடியது; மக்கள் கடற்கரையை விட்டு உள்நாட்டு ஊர்களுக்கு ஓடினர். பகைவன் வாயிலுக்கு வந்துவிட்ட வேளையில் ஆட்சிப் பொறுப்பைப் பெற்றுக்கொண்டு போருக்குத் துணைநிற்க வேண்டும் என்று கருதிய தொரப்பள்ளித் தோன்றல் ராஜாஜி, அதன்பொருட்டு அவ்வாண்டு ஜூலையில் காங்கிரசைவிட்டே விலகினார். மலேயாவிலோ தோட்டத் தொழிலாளிகளான தமிழர் ஆயிரக்கணக்கில் நேதாஜியின் கொடியின்கீழ்த் திரண்டனர். எல்லாரும் நாட்டுப்பற்று உடையவர்களே. எனினும் அவர்கள் சென்ற வழிகள் வேறு வேறு.

நெய்தலும் பாலையும் நம் இலக்கணத்தில் வேறு வேறு திணைகள். லிபியாவில் அவ்விரண்டும் அடுத்தடுத்துக் கிடக்கின்றன. வடக்கே மத்தியதரைக் கடல். கரையை ஒட்டி ஒரே ஒரு தார்ச்சாலை. அதன்மேல் பெங்காசி, டோப்ருக் முதலிய துறைமுகங்கள். தெற்கே முடிவற்ற கல்லும் மணலும். பாலைநிலப் போர் என்று நாம் சொன்னாலும் அது உண்மையில் கடற்கரைக்காக நடந்த போர். குண்டு, பெட்ரோல், தண்ணீர் ஆகிய மூன்றும் துறைமுகத்தின் வழியாகவே வரவேண்டும். துறைமுகத்தை இழந்தவன் பாலையில் சாவான். ஆனால் கரையோரம் கண்ணிவெடிகளால் அடைக்கப்பட்டிருந்தால், பகைவனைச் சுற்றி வளைக்கப் பாலையின் உட்புறமே வழி. ஆகவே கடற்கரையைக் காக்க நினைத்தவன் பாலையின் கடைக்கோடியிலும் காவல் நிறுத்தியாக வேண்டும்.

அத்தகைய கடைக்கோடியே பிர் ஹக்கீம். பிர் என்றால் அரபு மொழியில் கிணறு. அதுவும் வற்றிப்போன கிணறு. 1942 மே மாதத்தில் நேச நாட்டுப் படைகளின் அரண்வரிசை கடலோரத்துக் கஸாலாவில் தொடங்கிப் பாலையுள் இறங்கி இங்கே முடிந்தது. பிர் ஹக்கீமைச் சுதந்திரப் பிரெஞ்சுப் படையினர் காத்தனர். அதற்குத் தென்கிழக்கே, 171 என்ற எண்ணால் மட்டுமே குறிக்கப்பட்ட ஒரு மேட்டில், மூன்றாவது இந்திய மோட்டார் பிரிகேடு நிறுத்தப்பட்டது. முன்னாண்டு ஏப்ரலில் மெக்கிலி என்னுமிடத்தில் ரோமெலின் முற்றுகையை உடைத்து இப்பிரிகேடின் ஒரு பகுதி வெளியேறியது. அச்செயலுக்காக விருது பெற்ற ராஜேந்திரசிங்ஜி பின்னாளில் இந்தியத் தரைப்படைக்குத் தலைமை தாங்கினார். அதே பிரிகேடு இப்போது, வந்து சில நாள்களே ஆன நிலையில், அரண் முற்றுப்பெறாமலும் ஒரு டாங்கிகூட இல்லாமலும் நின்றது. அதற்குத் துணைநின்ற பீரங்கிப் படை இரண்டாவது இந்தியக் களப் பீரங்கி ரெஜிமெண்டு. அதன் ஏழாவது பாட்டரிக்குத் தலைவர் மேஜர் குமாரமங்கலம். வயது இருபத்தெட்டு.

மே 26 ஆம் நாள் இரவு. ரோமெல் கடற்கரைப் பக்கம் தாக்குவதுபோலப் போக்குக் காட்டிவிட்டு, தம் கவசப் படைகளை நிலவொளியில் தெற்கே சுற்றி நடத்தினார். 27 ஆம் நாள் விடியலில் இத்தாலிய ஆரியெட்டே டிவிஷனின் டாங்கிகள் இந்தியர் நின்ற மேட்டின்மீது பாய்ந்தன. பல கல் தொலைவுக்குக் குண்டெறிய அமைந்த இருபத்தைந்து பவுண்டர் பீரங்கிகள், கண்ணெதிரே வரும் இரும்பை நேர்குறி வைத்துச் சுட வேண்டியதாயிற்று. ஏறத்தாழ ஒரு மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. இருபதுக்கும் மேற்பட்ட டாங்கிகளைப் பகைவர் இழந்தனர். ஆயினும் பிரிகேடு சிதைந்தது. நூற்றுக்கணக்கானோர் மாண்டனர். பலர் சிறைப்பட்டனர். சிறைப்பட்டோருக்குக் கொடுக்கத் தண்ணீர் இல்லாமல் பகைவர் பாலையிலேயே விட்டுச் சென்ற சில நூறு இந்திய வீரர்கள், நாவறண்டு நடந்து பிர் ஹக்கீம் பிரெஞ்சுக்காரரிடம் சேர்ந்தனர். முற்றுகையில் இருந்த பிரெஞ்சுக்காரரும் தங்கள் அளவுத் தண்ணீரை அவர்களோடு பகிர்ந்துகொள்ள வேண்டியிருந்தது.

குமாரமங்கலம் அன்று கைதானார். அக்களத்தில் காட்டிய ஆண்மைக்காக டி.எஸ்.ஓ. என்னும் உயர்ந்த விருது அவருக்கு வழங்கப்பட்டது. தோற்ற போரில் கிடைத்த விருது அது. பீரங்கியாளனுக்குப் பீரங்கியே கொடி என்பது படைமரபு. நின்ற இடத்தை விட்டு நீங்காமல் சுட்டதற்கான மதிப்பே அவ்விருது. அவர் பிடிபட்ட சில வாரங்களில், ஜூன் 21 இல், டோப்ருக் துறைமுகமும் வீழ்ந்தது. ஏறத்தாழ 33,000 பேர் அங்குச் சரணடைந்தனர்.

கைதிகள் கப்பலேறி இத்தாலி சென்றனர். அங்கு இந்திய அதிகாரிகளுக்கான முகாமில் குமாரமங்கலத்துடன் இருந்தவர்களுள் யாஹ்யா கானும் யாகூப் கானும் உண்டு. இங்குதான் நம் கேள்வி கூர்மையடைகிறது. அதே காலத்தில் ஜெர்மனியில் நேதாஜி, வட ஆப்பிரிக்காவில் சிறைப்பட்ட இந்தியரைக் கொண்டு ஒரு படை திரட்டினார். ஏறத்தாழ மூவாயிரம் பேர் அதில் சேர்ந்தனர். பெரும்பாலோர் சேரவில்லை. சேர்ந்தவரைத் துரோகிகள் என்றோ, சேராதவரை அடிமைகள் என்றோ பேசுவது பின்வந்தோராகிய நமக்கு எளிது. முள்வேலிக்குள் பசியோடு இருந்து முடிவெடுத்தவர்க்கு அது எளிதாக இருந்திருக்க முடியாது. குமாரமங்கலம் எடுத்த முடிவு தப்பிச் செல்வது. தப்பினார்; மீண்டும் பிடிபட்டார். காவல் மிகுந்த ஜெர்மானிய முகாமாகிய ஸ்டாலாக் லுஃப்ட் மூன்றுக்கு அனுப்பப்பட்டார். 1944 மார்ச்சில் சுரங்கம் தோண்டி 76 பேர் வெளியேறி, பிடிபட்டோருள் 50 பேர் சுட்டுக்கொல்லப்பட்ட முகாம் அது. 1945 இல் போர் முடிந்தபோதுதான் அவருக்கு விடுதலை.

அவர் திரும்பி வந்த இரண்டாண்டில் நாடு விடுதலை பெற்றது, பிளவும் பட்டது. ஒரே முள்வேலிக்குள் ஒரே ரொட்டியைப் பகிர்ந்தவர்கள் இரண்டு படைகளாகப் பிரிந்தனர். 1965 ஆம் ஆண்டுப் போரின்போது குமாரமங்கலம் இந்தியத் தரைப்படையின் துணைத் தலைமைத் தளபதி. எதிர்ப்புறம் ஒரு டிவிஷனை நடத்தியவர் யாஹ்யா கான். 1966 ஜூன் 8 இல் குமாரமங்கலம் தலைமைத் தளபதியானார். சில மாதங்களில் யாஹ்யாவும் பாகிஸ்தானின் தலைமைத் தளபதியானார். இத்தாலிய முகாமின் தோழர் இருவர் எல்லையின் இருபுறமும் படைகளுக்குத் தலைமை வகித்த விந்தையை வரலாறு கண்டது.

அவர்தம் தலைமைக் காலத்தில் 1967 செப்டம்பரில் நாதுலாவிலும் அக்டோபரில் சோலாவிலும் சீனப் படைகளுடன் மோதல் நிகழ்ந்தது. 1962 இல் துவண்டிருந்த படை அங்கே பின்வாங்காமல் நின்றது. பாலையில் பீரங்கியோடு நின்றவர்க்கு, பனிமலையில் நின்ற வீரரின் நிலை தெரியாமல் இருந்திராது. 1969 ஜூனில் மானெக்‌ஷாவிடம் பொறுப்பை ஒப்படைத்து ஓய்வு பெற்றார். மன்னரின் ஆணைபெற்ற இந்திய அதிகாரிகளுள் இந்தியப் படைக்குத் தலைமை ஏற்ற இறுதியானவர் அவரே. 1970 இல் பத்மவிபூஷண் விருது அவரைச் சேர்ந்தது.

இதில் சிந்திக்கத்தக்க ஒன்று உண்டு. பதவியின் உச்சியில் இருந்த இரு தோழருள் யாஹ்யா 1969 மார்ச்சில் தம் நாட்டின் ஆட்சியையே கைக்கொண்டார். மூன்று மாதங்களில் குமாரமங்கலம் காலம் முடிந்ததும் அமைதியாக இருக்கையை விட்டு இறங்கினார். 1971 இல் கிழக்கு வங்கத்து மக்கள்மீது படையை ஏவ மறுத்துப் பதவி துறந்த யாகூப் கானும் அதே முகாமில் இருந்தவரே. ஒரே முள்வேலி மூவருக்கும் ஒரே பாடத்தைக் கற்பிக்கவில்லை. வாளின் எல்லை எது என்பதை அவரவர் மனமே வகுத்துக்கொண்டது.

தம்பி மோகன் 1971 இல் மத்திய அமைச்சரானார். 1973 மே 31 இல் விமான விபத்தில் மறைந்தார். அண்ணன் நெடுநாள் வாழ்ந்து, 2000 மார்ச் 13 ஆம் நாள் தம் 86 ஆம் வயதில் இயற்கை எய்தினார்.

எகிப்தின் கடலோரத்தில் எல் அலமெய்னில் பெரியதொரு போர்க் கல்லறை உண்டு. உடல் கிடைக்காத வீரர்களின் பெயர்கள் அங்குச் சுவர்களில் வெட்டப்பட்டுள்ளன. எரியூட்டப்பெற்ற அறுநூறுக்கும் மேற்பட்டோர்க்குத் தனி நினைவிடமும் இருக்கிறது. அவர்கள் எந்த அரசுக்காகச் சென்றார்கள் என்று கேட்டு நாம் தலையைத் திருப்பிக்கொண்டோம். வேலைக்காகச் சென்றவர், சோற்றுக்காகச் சென்றவர், மானத்துக்காகச் சென்றவர் என எல்லோரும் அவர்களுள் உண்டு. நம் பாட்டில் அவர்களுக்கு இடமில்லாமல் போயிற்று.

குமாரமங்கலத்தின் வாழ்வு அவர்களுக்கும் சேர்த்து ஒரு விடை தருகிறது. போரை மூட்டியவர் அரசர். அதன் நியாய அநியாயம் அவர்களைச் சேரும். அருகில் நிற்பவனைக் கைவிடாமல் நின்ற ஆண்மை அந்த வீரனுக்கே உரியது. அதனை எந்தப் பேரரசும் தன்னுடையதென உரிமை கொண்டாட முடியாது. பேரரசு போயிற்று, அவ்வாண்மை விடுதலை பெற்ற நாட்டின் எல்லையில் வந்து நின்றது.

நடுகல் நட்ட மண்ணில் பிறந்த நாம், மணலில் பெயர் அழிந்தவர்க்கும் ஒரு கல் நடக் கடமைப்பட்டிருக்கிறோம். கவிஞர்கள் நடும் கல் சொல்லால் ஆனது. அதனை நடுவார்களாக.