செஞ்சியும் மாவீரர் சிவாஜியும்

நம் அனந்தபுரத்திற்கு அருகே மூன்று குன்றுகளின்மேல் விளங்கும் செஞ்சிக் கோட்டையை அறியாதார் நம்மில் இலர். அதன் வரலாற்றில் மராட்டிய வீரர் சிவாஜிக்குப் பெரும் பங்குண்டு.

1630-ஆம் ஆண்டு சிவநேரிக் கோட்டையில் பிறந்த சிவாஜியை அன்னை ஜீஜாபாய் வீரமும் ஒழுக்கமும் ஊட்டி வளர்த்தார். பீஜப்பூர் சுல்தானும் மொகலாயப் பேரரசரும் பெரும்படை உடையவர்கள். சிவாஜியிடமோ மலைப்பாதைகளை நன்கறிந்த சிறுபடையே இருந்தது. எனவே அவர் கொரில்லாப் போர்முறையைக் கைக்கொண்டார். ஒற்றர்மூலம் பகைவரின் நிலையறிதல், சுமை குறைத்து விரைந்து செல்லுதல், எதிர்பாரா வேளையில் தாக்குதல், பகைவர் திரளுமுன் மலைக்கோட்டைக்குத் திரும்புதல் ஆகியவையே அதன் நுட்பங்கள். 1663-இல் பூனாவில் மொகலாயத் தளபதி செயிஸ்தகானின் மாளிகைக்குள் இரவில் புகுந்து தாக்கி, பெரும்படை திரளுமுன் மறைந்தார்.

இத்தகைய போருக்கு மக்களின் அன்பே அரண். அதை உணர்ந்த சிவாஜி, உழவரின் தானியத்தையும் விறகையும் பறிக்கக் கூடாதென்று தம் படையினருக்குக் கட்டளையிட்டார்.

1674-இல் முடிசூடிய அவர், 1677-இல் செஞ்சியைக் கைப்பற்றி அதன் அரண்களை வலுப்படுத்தினார். 1680-இல் மறைந்தார். ஆயினும் அவருடைய முன்யோசனை வீண்போகவில்லை. 1689-இல் மொகலாயர் தலைநகர் ராய்கட்டைப் பிடித்தபோது, அவருடைய இளைய மகன் ராஜாராம் செஞ்சியில் அடைக்கலம் புகுந்தார். 1690 முதல் 1698 வரை மொகலாயர் அதனை முற்றுகையிட்டனர். மராட்டியக் குதிரைப்படையோ வெளியிலிருந்து அவர்களுக்கு உணவு வரும் வழிகளை அடைத்தது. இறுதியில் கோட்டை வீழ்ந்தபோது ராஜாராம் முன்னரே தப்பியிருந்தார்.

2025-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்த 12 மராட்டியக் கோட்டைகளுள் தமிழகத்தில் உள்ளது செஞ்சி ஒன்றே. தோழியரே, அதன் படிகளில் ஏறும்போதெல்லாம், வலிமை குறைந்தவரையும் முன்யோசனையும் மக்களின் அன்பும் காக்கும் என்பதை நினைவில் கொள்வோம்.